கூரையின் விளிம்பு சொல்லும் வரலாறு

"கூரை ஏறிக் கோழி பிடிக்கத் தெரியாதவன் வானம் ஏறி வைகுண்டம் போவானா?" என்பது பழமொழி. ஏறுவதற்கு முன் கூரையின் விளிம்பைக் கொஞ்சம் கவனித்தால், அங்கே ஒரு பெரிய வரலாறே இருக்கிறது!

திருப்பத்தூர் மாவட்டம், ஜவ்வாது மலையில் உள்ளது புதூர்நாடு. மலையாளிப் பழங்குடியினர் வாழும் பகுதி. மண்சுவர், புல்கூரை, குனிந்து நுழையும் வாசல்... இதுதான் மலையின் பழைய வீடு. கூரை ஏன் அவ்வளவு தாழ்வு? மண்சுவருக்கு எதிரி மழை. சுவரின் அடி ஊறினால் வீடே சரியும். அதனால்தான் இறவாரத்தைச் சுவருக்கு வெளியே நீட்டி, தாழ இறக்கினார்கள். புல்கூரையில் நீர் கடைசியாகத் தேங்குவதும், முதலில் மட்குவதும், காற்று பிடித்துத் தூக்குவதும் இந்த விளிம்பில்தான். எனவே பழம்புல்லை நீக்கிப் புதுப்புல் வேய்வதும், ஓரத்தை இறுக்கிக் கட்டுவதும் தவறாத வேலைகள்.

குகையில் வாழ்ந்தவர்களுக்கும் இதே கவலைதான். மதுரை அருகே மாங்குளத்தில் 2000 ஆண்டுகளுக்கு முந்தைய சமணர் குகைகளின் நெற்றியில், மழைநீர் உள்ளே வழியாமல் வெளியே சொட்டும்படி பாறையை வெட்டியிருக்கிறார்கள்.

7-ஆம் நூற்றாண்டில் பல்லவர்கள் மாமல்லபுரத்தில் திரௌபதி ரதத்தை ஒரே பாறையில் குடைந்தபோது, குடிசைக் கூரையையே கல்லில் காட்டினார்கள். பிற்காலத்து ஆவுடையார்கோயில் கொடுங்கையிலோ மரச்சட்டங்களும் ஆணிகளும்கூடக் கல்லாகிவிட்டன! ஏழையின் இறவாரம் கோயிலுக்கு அழகானது.

1865-இல் மங்களூரில் பாசல் மிஷனைச் சேர்ந்த பிளெப்ஸ்ட் ஓட்டுத் தொழிற்சாலை தொடங்கினார். ஒன்றோடொன்று கொக்கி போலப் பொருந்தும் அந்த ஓடுகள் தென்னிந்தியா முழுதும் பரவின. புல் போனது, இறவாரம் நிலைத்தது.

குடிசைகளைக் கான்கிரீட் வீடுகளாக்கும் திட்டம் தமிழகத்தில் 2010-இல் வந்தது. தீப்பயம் குறைந்தது, ஆண்டுதோறும் கூரை பார்க்கும் பாடும் குறைந்தது. நல்லதுதான். ஆனால் தட்டையான கூரையில் நீண்ட இறவாரம் இல்லை. ஜன்னல் மேல் இருக்கும் சன்ஷேடு மட்டுமே மிச்சம். அதன் அடியில் நீர் சொட்ட ஒரு சிறு காடி விட மறந்தால், மழைநீர் சுவரில் வழிந்து ஓதம் ஏறும்.

மாங்குளத்துப் பாறையை வெட்டியவருக்குத் தெரிந்த பாடம் அது. வீடு மாறலாம், மழை மாறாது!