மாறாத நாடு, மாறிய இணைகள்: தீமேயா பாபோஷின் இரட்டையர் ஆட்டம்

டென்னிஸில் கிராண்ட் ஸ்லாம் என்று அழைக்கப்படும் நான்கு பெரும் போட்டிகளில் ஹங்கேரியர் வென்ற ஒற்றையர் பட்டங்கள் இரண்டே. 1947இல் யோசெஃப் அஷ்போத் பாரிஸில் நடந்த பிரெஞ்சு ஓபனை வென்றார்; 1958இல் அதே மைதானத்தில் சுசா கொர்மோட்சி தமது 33ஆம் வயதில் பெண்கள் பட்டத்தைக் கைப்பற்றினார். அதன்பின் அந்நாட்டின் பெயரை வெற்றியாளர் பட்டியலில் மீண்டும் எழுதவைத்தது பெரும்பாலோர் இரண்டாம்பட்சமாகக் கருதும் இரட்டையர் ஆட்டமே. அந்த ஆட்டத்தில் ஹங்கேரியர் உயர்ந்தது மற்றொரு ஹங்கேரியரோடு இணைந்து அன்று, வேற்று நாட்டவரோடு இணைந்துதான் என்பது இவ்வரலாற்றில் தனியே கவனிக்கத்தக்கது.

இந்த வழியை முதலில் திறந்தவர் புடாபெஸ்டில் 1954இல் பிறந்த பாலாஷ் டாரோட்சி. செங்கல்லைப் பொடியாக்கிப் பரப்பிய செம்மண் தரையில் ஆடி வளர்ந்த அவர், நெதர்லாந்தின் ஹில்வெர்சும் நகரப் போட்டியில் மட்டும் ஆறு முறை ஒற்றையர் பட்டம் வென்றவர். ஆயினும் சுவிட்சர்லாந்தின் ஹெய்ன்ஸ் குந்தார்டுடன் சேர்ந்து 1981இல் பிரெஞ்சு ஓபனையும், செம்மண்ணுக்கு நேர்மாறாகப் பந்து தாழ்ந்து வேகமாக வரும் விம்பிள்டன் புல்தரையில் 1985ஆம் ஆண்டுப் பட்டத்தையும் வென்றதே அவரது வாழ்வின் உச்சம். பதினேழு வயது போரிஸ் பெக்கர் ஒற்றையர் பட்டம் வென்ற ஆண்டு அது என்பதால், உலகின் பார்வை முழுவதும் அந்த இளைஞர்மீதே குவிந்திருந்தது. அடுத்த ஆண்டு ஆண்ட்ரியா டெமெஷ்வாரி மார்ட்டினா நவ்ரத்திலோவாவுடன் இணைந்து பிரெஞ்சு ஓபன் பெண்கள் இரட்டையர் பட்டத்தை வென்றார். அதன்பின் நீண்ட இடைவெளி விழுந்தது.

அந்த இடைவெளியை நிரப்பிய தீமேயா பாபோஷ், ஆஸ்திரிய எல்லையை ஒட்டிய ஷோப்ரோன் நகரில் 1993 மே 10 அன்று பிறந்தவர். எந்த நாட்டோடு இருப்பது என்று 1921இல் நடந்த வாக்கெடுப்பில் ஹங்கேரியைத் தேர்ந்ததற்காக 'மிகுந்த விசுவாசமுள்ள நகரம்' என்று சிறப்பிக்கப்பட்ட ஊர் அது. இளையோர் பிரிவிலேயே அவரது திறன் வெளிப்பட்டது: 2010இல் அமெரிக்காவின் ஸ்லோன் ஸ்டீபன்ஸுடன் சேர்ந்து பிரெஞ்சு ஓபன், விம்பிள்டன், அமெரிக்க ஓபன் ஆகிய மூன்றிலும் பெண்கள் இளையோர் இரட்டையர் பட்டங்களை ஒரே ஆண்டில் வென்றார். ஒற்றையரிலும் அவர் எளியவர் அல்லர். 2012இல் மெக்சிகோவின் மான்டெரே நகரில் முதல் பட்டத்தை வென்று, 2016இல் உலகத் தரவரிசையில் 25ஆம் இடம் வரை உயர்ந்தார். இருப்பினும் அவரது ஆற்றல் முழுமையாகப் பொருந்தியது இரட்டையர் களத்தில்தான்.

அதற்கான காரணம் ஆட்டத்தின் அமைப்பிலேயே உள்ளது. இரட்டையர் ஆட்டத்தில் களத்தின் இரு பக்கமும் நாலரை அடி கூடி அகலம் 36 அடியாகிறது. ஆனால் சர்வீஸ் விழவேண்டிய கட்டம் ஒற்றையரில் உள்ள அதே அளவுதான். சர்வீஸ் போடுபவர் பின்கோட்டில் நிற்க, அவரது இணை வலையருகே நின்று, எதிரணியின் பந்து கைக்கெட்டும் தொலைவில் வந்தால் தரையில் விழுமுன்பே அடித்துவிடக் காத்திருப்பார். எனவே சர்வீஸை எதிர்கொள்பவர் வலையருகே நிற்பவரைத் தவிர்த்து, பந்தைக் குறுக்காகவும் தாழ்வாகவும் திருப்பியாக வேண்டும். வலுவான சர்வீஸும் துணிச்சலாகத் திருப்பி அடிக்கும் கையும் கொண்ட பாபோஷுக்குத் தேவைப்பட்டது வலையருகே அஞ்சாமல் நிற்கும் ஓர் இணை.

அந்த இணை பிரான்ஸின் கிறிஸ்டினா மிலாடெனோவிச். பாபோஷைவிட நான்கே நாள் இளையவர். 2014இல் விம்பிள்டன் இறுதி வரை சென்று இத்தாலியின் சாரா எர்ரானி, ராபெர்ட்டா வின்சி இணையிடம் தோற்ற இருவரும் பின்னர் பிரிந்தனர். பாபோஷ் கசகஸ்தானின் யாரொஸ்லாவா ஷ்வேதோவாவுடன் 2016 விம்பிள்டன் இறுதியில் வில்லியம்ஸ் சகோதரிகளிடம் தோற்றார். செக் நாட்டின் ஆண்ட்ரியா ஹிலவாச்கோவாவுடன், ஆண்டின் தலைசிறந்த இணைகள் மட்டுமே மோதும் 2017 ஆண்டிறுதிப் போட்டியை வென்றார். 2018இல் மீண்டும் சேர்ந்த பழைய இணை, ஜனவரியிலேயே மகரோவா, வெஸ்னினா இணையை 6-4, 6-3 என வென்று ஆஸ்திரேலிய ஓபனைக் கைப்பற்றியது. இரட்டையர் தரவரிசை இணைக்கு அன்றி ஒவ்வொருவருக்கும் தனித்தனியே கணக்கிடப்படுவதால், அவ்வாண்டு ஜூலை 16 அன்று பாபோஷ் மட்டும் உலகின் முதலிடத்தை அடைந்தார். மிலாடெனோவிச் அதை அடைய மேலும் ஓராண்டு ஆயிற்று.

முதலிடம் தோல்வியிலிருந்து காப்பதில்லை. 2018ஆம் ஆண்டின் அமெரிக்க ஓபன் இறுதியில் முதல் செட்டை 6-3 என வென்ற இவ்விணை, பட்டத்துக்கு ஒரே ஒரு புள்ளி தேவைப்பட்ட வாய்ப்புகளைத் தவறவிட்டு, அடுத்த இரு செட்களையும் டை-பிரேக்கரில் இழந்தது. டை-பிரேக்கர் என்பது செட் 6-6 எனச் சமமாகும்போது ஆடப்படும் குறுந்தொடர். வென்றவர்கள் ஆஷ்லி பார்ட்டியும் கோகோ வேண்டவெகெயும். 2019 ஆஸ்திரேலிய ஓபன் இறுதியிலும் தோல்வியே கிட்டியது. அடுத்தடுத்த இரு பெரும் இறுதிகளில் தோற்ற இணை பிரிந்துவிடுவதே இத்தொழிலில் இயல்பாக இருந்திருக்கும். இவர்கள் பிரியவில்லை, அவ்வாண்டே பாரிஸில் பட்டம் வென்றனர் என்பது பட்டங்களின் எண்ணிக்கையைவிடப் பெரிது. ஆண்டிறுதிப் போட்டியையும் 2018, 2019 ஆகிய இரு ஆண்டுகளிலும் இருவரும் சேர்ந்தே வென்றதால், பாபோஷுக்கு அது தொடர்ந்து மூன்றாவது பட்டமாயிற்று.

2020 இந்த உறுதியைக் கடுமையாகச் சோதித்தது. ஆஸ்திரேலிய ஓபனை 6-2, 6-1 என எளிதாக வென்றிருந்த இணை, பெருந்தொற்றுக் காலத்தில் நடந்த அமெரிக்க ஓபனில் முதல் தரவரிசை பெற்று முதல் சுற்றையும் வென்ற பின், தொற்றுக்கு ஆளான வேறொரு வீரரோடு மிலாடெனோவிச் நெருங்கிப் பழகியவர் என்ற காரணத்தால் இரண்டாம் சுற்றுக்கு முன்பே நீக்கப்பட்டது. தொற்றில்லாத பாபோஷும் ஆடாமலேயே வெளியேற நேர்ந்தது. இணையின் வெற்றியில் பங்கு கொள்பவர் அதன் இழப்பையும் ஏற்கவேண்டிய இந்த ஆட்டத்தின் கடுமையை அதைவிடத் தெளிவாகக் காட்டும் நிகழ்வு அரிது. அடுத்த மாதம், வழக்கமான கோடைக்காலத்திலிருந்து இலையுதிர்காலத்துக்குத் தள்ளிவைக்கப்பட்டிருந்த பிரெஞ்சு ஓபனில், அக்டோபர் 11 அன்று, சிலியின் அலெக்சா குவாராச்சி, அமெரிக்காவின் டெசிரே கிராவ்சிக் இணையை 6-4, 7-5 என வென்று இருவரும் தங்கள் நான்காவது கிராண்ட் ஸ்லாம் பட்டத்தைப் பெற்றனர்.

பின்னர் வழிகள் பிரிந்தாலும் பாபோஷ் களத்தை விட்டு அகலவில்லை. 2025இல், 32 வயதில், பிரேசிலின் லூயிசா ஸ்டெஃபானியுடன் புதிய இணை அமைத்து, ரியாத்தில் நடந்த ஆண்டிறுதிப் போட்டியின் இறுதி ஆட்டம் வரை முன்னேறினார்.