ஐபிடிஎல் 2014: ஆடவரும் மகளிரும் ஒரே அணியாக ஆடிய டென்னிஸ் லீக்கில் இந்தியன் ஏசஸ் பட்டம் வென்ற முதல் சீசன் – முழு விவரம்

ஆடவரும் மகளிரும் ஒரே அணியில் இடம்பெற்று, இரு தரப்பினரும் வெல்லும் கேம்கள் ஒரே மதிப்புடன் கூட்டப்படும் தொழில்முறை டென்னிஸ் லீக் போட்டிகள் அரிதானவை. அத்தகைய போட்டியை ஆசியாவின் நான்கு பெருநகரங்களுக்குக் கொண்டு சென்றது சர்வதேச பிரீமியர் டென்னிஸ் லீக் எனப்படும் ஐபிடிஎல். 2014-ஆம் ஆண்டு நவம்பர் 28 முதல் டிசம்பர் 13 வரை நடைபெற்ற இதன் முதல் சீசனில் இந்தியன் ஏசஸ் அணி சாம்பியன் பட்டம் வென்றது.

சென்னையில் பிறந்தவரும் பெங்களூருவைத் தளமாகக் கொண்டவருமான முன்னாள் டென்னிஸ் வீரர் மகேஷ் பூபதி இந்த லீக்கை நிறுவினார். பெடரர், ஜோகோவிச், செரீனா, ஷரபோவா என அக்காலத்தின் முன்னணி நட்சத்திரங்கள் அனைவரும் பங்கேற்ற இப்போட்டி, மூன்று சீசன்களுடன் நின்றுபோனது. எனினும் அது முன்வைத்த ஆட்டமுறை இன்றும் டென்னிஸ் உலகில் பேசப்படுகிறது.

முன்னோடி யார்?

கலப்பு அணி லீக் என்ற கருத்து அமெரிக்காவில் தோன்றியது. 1973-ஆம் ஆண்டு பாபி ரிக்ஸை நேர் செட்களில் வீழ்த்தி உலகின் கவனத்தை ஈர்த்த பில்லி ஜீன் கிங், அடுத்த ஆண்டே தொடங்கிய வேர்ல்டு டீம் டென்னிஸ் லீக்கின் முதன்மை முகமாக விளங்கினார். 1974-இல் 16 அணிகளுடன் தொடங்கிய அந்த லீக்கின் முதல் பட்டத்தை டென்வர் ராக்கெட்ஸ் அணி வென்றது. ஆட்டத்தின் நடுவே பயிற்சியாளர் ஆலோசனை கூறுவது, மாற்று வீரரைக் களமிறக்குவது, பார்வையாளர்கள் ஆரவாரம் செய்வது ஆகிய அனைத்துக்கும் அங்கு அனுமதி இருந்தது.

பாரம்பரிய அமைப்புகள் இதை எளிதில் ஏற்கவில்லை. லீக்குடன் ஒப்பந்தம் செய்துகொண்ட காரணத்தால் ஜிம்மி கானர்ஸ், இவோன் கூலகாங் ஆகியோருக்கு 1974 பிரெஞ்சு ஓபனில் விளையாட அனுமதி மறுக்கப்பட்டது. அவ்வாண்டு மற்ற மூன்று கிராண்ட்ஸ்லாம் பட்டங்களையும் கானர்ஸ் வென்றார் என்பது குறிப்பிடத்தக்கது.

இந்த லீக்கில் தமிழகத்துக்கும் பங்கு உண்டு. 1978-இல் பட்டம் வென்ற லாஸ் ஏஞ்சலிஸ் ஸ்டிரிங்ஸ் அணியில் கிறிஸ் எவர்ட், இலி நஸ்டாஸே ஆகியோருடன் சென்னையைச் சேர்ந்த விஜய் அமிர்தராஜும் ஆடினார். பிற்காலத்தில் லியாண்டர் பயஸ் இடம்பெற்ற வாஷிங்டன் காஸ்டில்ஸ் அணி 2011, 2012 ஆகிய இரு சீசன்களிலும் ஒரு போட்டியில்கூடத் தோற்காமல் சாதனை படைத்தது.

ஒரே மாதத்தில் இரு லீக்குகள்

2014 நவம்பரில் இந்திய ரசிகர்கள் அடுத்தடுத்து இரு கலப்பு அணி லீக்குகளைக் கண்டனர். முதலாவது, விஜய் அமிர்தராஜ் உருவாக்கிய சாம்பியன்ஸ் டென்னிஸ் லீக். நவம்பர் 17 முதல் 26 வரை இந்திய நகரங்களில் நடைபெற்ற அப்போட்டியில் ஆறு அணிகள் மோதின. பெங்களூரு ராப்டர்ஸ் அணியில் வீனஸ் வில்லியம்ஸுடன் சென்னை வீரர் ராம்குமார் ராமநாதன் இடம்பெற்றார். புனே மராத்தாஸ் அணி பட்டம் வென்றது. அடுத்த ஆண்டு நடைபெற்ற இரண்டாவது சீசனில் சென்னையின் பெயரிலும் ஓர் அணி களமிறங்கியது.

அப்போட்டி முடிந்த இரண்டாம் நாளே ஐபிடிஎல் மணிலாவில் தொடங்கியது. சென்னையில் பிறந்த இரு டென்னிஸ் ஆளுமைகள், ஒருவர் பின் ஒருவராக, ஒரே கருத்தை இருவேறு அளவில் செயல்படுத்தினர். அமிர்தராஜின் லீக் உள்ளூர் வீரர்களுக்கு மேடை அமைப்பதில் கவனம் செலுத்தியது. பூபதியின் லீக் உலகத் தரவரிசையின் உச்சியில் இருந்தவர்களை ஆசிய ரசிகர்களின் முன் நிறுத்த முனைந்தது.

அணிகளும் அட்டவணையும்

ஐபிடிஎல் அணிகளுக்கான வீரர் தேர்வு 2014 மார்ச் மாதம் துபாயில் நடைபெற்றது. தொடக்கத்தில் பாங்காக் நகருக்கென ஓர் அணி ஒதுக்கப்பட்டிருந்தது. பின்னர் அந்த இடம் மணிலாவுக்குச் சென்றது. இந்திய அணிக்கு முதலில் ரபேல் நடால் தேர்வு செய்யப்பட்டிருந்தார். அவர் விலகிய நிலையில் ரோஜர் பெடரர் அணியில் இணைந்தார்.

இந்தியன் ஏசஸ்: ரோஜர் பெடரர், பீட் சாம்ப்ராஸ், அனா இவானோவிச், சானியா மிர்சா, ரோகன் போபண்ணா, கேல் மான்பில்ஸ், பேப்ரிஸ் சான்டோரோ.

மணிலா மேவரிக்ஸ்: ஆண்டி முர்ரே, மரியா ஷரபோவா, ஜோ வில்பிரட் சோங்கா, கார்லோஸ் மோயா, கிறிஸ்டன் பிளிப்கென்ஸ், டேனியல் நெஸ்டர், டிரீட் ஹுயே.

சிங்கப்பூர் ஸ்லாமர்ஸ்: செரீனா வில்லியம்ஸ், தாமஸ் பெர்டிச், ஆந்த்ரே அகாசி, லேட்டன் ஹெவிட், டேனியலா ஹன்டுசோவா, புரூனோ சோயர்ஸ், நிக் கிர்கியோஸ்.

யுஏஇ ராயல்ஸ்: நோவக் ஜோகோவிச், கரோலின் வோஸ்னியாக்கி, மரின் சிலிச், கோரன் இவானிசெவிச், கிறிஸ்டினா மிளாடெனோவிச், நெனாட் சிமோன்ஜிச், மாலெக் ஜசிரி.

போட்டிகள் மணிலாவில் நவம்பர் 28 முதல் 30 வரையிலும், சிங்கப்பூரில் டிசம்பர் 2 முதல் 4 வரையிலும், புதுடெல்லியில் டிசம்பர் 6 முதல் 8 வரையிலும், துபாயில் டிசம்பர் 11 முதல் 13 வரையிலும் நடைபெற்றன. நாளொன்றுக்கு இரண்டு ஆட்டங்கள் வீதம் 12 நாட்களில் 24 ஆட்டங்கள் நடந்தன. ஒவ்வோர் அணியும் மற்ற மூன்று அணிகளையும் தலா நான்கு முறை சந்தித்தது. முதல் சீசனில் தனியாக இறுதிப்போட்டி வைக்கப்படவில்லை. புள்ளிப்பட்டியலில் முதலிடம் பெறும் அணிக்கே பட்டமும் 10 லட்சம் டாலர் பரிசும் என விதி வகுக்கப்பட்டது.

ஆட்டமுறை எவ்வாறு வேறுபட்டது?

ஒவ்வோர் ஆட்டமும் ஐந்து செட்களைக் கொண்டது. ஆடவர் ஒற்றையர், மகளிர் ஒற்றையர், ஆடவர் இரட்டையர், கலப்பு இரட்டையர், முன்னாள் ஜாம்பவான்கள் ஒற்றையர் என ஒவ்வொரு பிரிவுக்கும் ஒரு செட் ஒதுக்கப்பட்டது. முதலில் ஆறு கேம்களை எட்டுபவர் செட்டை வெல்வார். 5-5 எனச் சமநிலை ஏற்பட்டால், ஐந்து நிமிட நேரக் கட்டுப்பாட்டுடன் கூடிய ஷூட் அவுட் முறையில் முடிவு காணப்பட்டது.

வழக்கமான டென்னிஸில் 40-40 என்ற நிலையில் தொடர்ந்து இரு புள்ளிகள் எடுத்தால்தான் கேம் முடியும். இங்கு அடுத்த ஒரே புள்ளியில் கேம் முடிவானது. ஒரு புள்ளிக்கும் அடுத்த சர்வுக்கும் இடையே 20 விநாடிகள் மட்டுமே அனுமதிக்கப்பட்டன. இதற்கென மைதானத்தில் கடிகாரம் வைக்கப்பட்டது. சர்வை எதிர்கொள்பவர் செட்டுக்கு ஒருமுறை பவர் பாயின்ட் கோரலாம். அப்புள்ளியை அவர் வென்றால் அது இரு புள்ளிகளாகக் கணக்கிடப்படும். பயிற்சியாளர் ஆட்டத்தை நிறுத்தி ஆலோசனை கூறவும், செட்டின் நடுவே வீரரை மாற்றவும் இடமளிக்கப்பட்டது.

இவை அனைத்திலும் முக்கியமானது வெற்றியைத் தீர்மானிக்கும் கணக்கு. எத்தனை செட்களை வென்றது என்பதைக் காட்டிலும், ஐந்து செட்களிலும் சேர்த்து ஓர் அணி வென்ற மொத்த கேம்களே முடிவைத் தீர்மானித்தன. எடுத்துக்காட்டாக, ஓர் அணி இரண்டு செட்களை 6-1, 6-2 என வென்று, மற்ற மூன்றையும் 5-6, 4-6, 5-6 என இழந்ததாகக் கொள்வோம். செட் கணக்கில் அந்த அணி 2-3 எனப் பின்தங்கும். ஆனால் கேம் கணக்கில் 26-21 என வெற்றி பெறும்.

இக்கணக்கின் விளைவு தெளிவானது. உலகின் முதல்நிலை வீரர் ஒற்றையரில் 6-5 என வென்றால் அணிக்குக் கிடைக்கும் முன்னிலை ஒரு கேம் மட்டுமே. கலப்பு இரட்டையர் இணை 6-1 என வென்றால் ஐந்து கேம்கள் முன்னிலை கிடைக்கும். கிராண்ட்ஸ்லாம் போட்டிகளில் ஓரமாக நடத்தப்படும் கலப்பு இரட்டையரும், ஆடவர் ஆட்டத்தைவிடக் குறைவான நேரம் ஒதுக்கப்படும் மகளிர் ஆட்டமும் இங்கு வெற்றியை நிர்ணயிக்கும் இடத்தைப் பெற்றன.

இந்திய அணியின் பலம்

இக்கணக்கு இந்தியாவுக்குச் சாதகமாக அமைந்தது. இந்திய டென்னிஸின் நெடுநாள் வலிமை இரட்டையர் பிரிவில்தான் உள்ளது. 1997-இல் ஜப்பானின் ரிகா ஹிராகியுடன் இணைந்து பிரெஞ்சு ஓபன் கலப்பு இரட்டையரை வென்ற மகேஷ் பூபதியே கிராண்ட்ஸ்லாம் பட்டம் பெற்ற முதல் இந்தியர். அவர் சானியா மிர்சாவுடன் இணைந்து 2009 ஆஸ்திரேலிய ஓபன், 2012 பிரெஞ்சு ஓபன் கலப்பு இரட்டையர் பட்டங்களையும் வென்றார்.

ஐபிடிஎல் தொடங்கிய 2014-ஆம் ஆண்டு சானியாவுக்குச் சிறப்பானதாக அமைந்தது. புரூனோ சோயர்ஸுடன் அமெரிக்க ஓபன் கலப்பு இரட்டையர், சாகேத் மைனேனியுடன் இன்சியான் ஆசிய விளையாட்டுப் போட்டியில் கலப்பு இரட்டையர் தங்கம், காரா பிளாக்குடன் சிங்கப்பூரில் நடைபெற்ற மகளிர் ஆண்டு இறுதிப் போட்டியில் இரட்டையர் பட்டம் ஆகியவற்றை அவர் வென்றிருந்தார். சில மாதங்களுக்கு முன் தமக்கு இணையாக ஆடிய சோயர்ஸை இந்த லீக்கில் அவர் எதிரணியில் சந்தித்தார்.

சானியாவுக்குத் துணையாக நின்றவர் ரோகன் போபண்ணா. மைசூருவை ஒட்டிய குடகு மாவட்டத்தில் காபித் தோட்டக் குடும்பத்தைச் சேர்ந்த அவருக்கு அப்போது வயது 34. கூர்மையான சர்வும் வலையருகே விரைவான ஆட்டமும் குறுகிய செட்களுக்கு ஏற்றவையாக அமைந்தன. சானியா – போபண்ணா இணை இந்திய அணியின் பெரும் பலமாக விளங்கியது. இவர்களுடன் ஒற்றையரில் மான்பில்ஸும் இவானோவிச்சும், ஜாம்பவான்கள் பிரிவில் சான்டோரோவும் கைகொடுத்தனர்.

டெல்லியில் பெடரர்

சீசனின் உச்சம் புதுடெல்லி இந்திரா காந்தி உள்விளையாட்டரங்கில் அரங்கேறியது. நவம்பர் இறுதியில் சுவிட்சர்லாந்துக்கு முதல் டேவிஸ் கோப்பையைப் பெற்றுத்தந்த பெடரர், டெல்லிச் சுற்றில் மட்டும் இந்தியன் ஏசஸ் அணிக்காக ஆடினார். இந்தியாவுக்கு அவர் புதியவர் அல்லர். 2006 டிசம்பரில் யுனிசெப் நல்லெண்ணத் தூதராக, ஆழிப்பேரலையால் பாதிக்கப்பட்ட தமிழகக் கடலோரப் பகுதிக்கு வந்து குழந்தைகளைச் சந்தித்தவர் அவர்.

டெல்லியில் சானியாவுடன் இணைந்து கலப்பு இரட்டையரிலும் பெடரர் களமிறங்கினார். தமது ஆட்டக்காலத்தில் வெவ்வேறு தலைமுறைகளை ஆண்ட பெடரரும் சாம்ப்ராஸும் ஒரே அணியின் சீருடையில் தோன்றியதை ரசிகர்கள் கண்டனர். டிசம்பர் 8 அன்று, தரவரிசையில் முதல் இரு இடங்களில் இருந்த ஜோகோவிச்சும் பெடரரும் மோதிய ஒற்றையர் செட்டில் பெடரர் 6-5 என வென்றார். அன்றைய தினம் ஆமிர் கான், தீபிகா படுகோன் உள்ளிட்ட திரை நட்சத்திரங்களும் மைதானத்தில் மட்டை பிடித்தனர்.

பெடரர் விடைபெற்ற பின்னரும் இந்திய அணி தளரவில்லை. துபாயில் நடைபெற்ற நிறைவுச் சுற்றின் முடிவில் புள்ளிப்பட்டியலில் முதலிடம் பெற்று இந்தியன் ஏசஸ் கோப்பையைக் கைப்பற்றியது. சில நாட்கள் மட்டுமே வந்து சென்ற பெருநட்சத்திரங்களைக் காட்டிலும், நகரம் நகரமாகத் தொடர்ந்து ஆடியவர்கள் சேர்த்த கேம்களே பட்டத்துக்கு அடித்தளமாயின.

ஏன் நின்றது?

இரண்டாவது சீசனில் ஜப்பான் வாரியர்ஸ் சேர்க்கப்பட்டு அணிகளின் எண்ணிக்கை ஐந்தாக உயர்ந்தது. 2015 டிசம்பரில் சிங்கப்பூரில் நடைபெற்ற இறுதிப்போட்டியில் இந்தியன் ஏசஸ் அணியை வீழ்த்தி சிங்கப்பூர் ஸ்லாமர்ஸ் பட்டம் வென்றது.

மூன்றாவது சீசன் நெருக்கடியில் தொடங்கியது. 2016 நவம்பர் 8 அன்று உயர் மதிப்பு ரூபாய் நோட்டுகள் செல்லாதவை என மத்திய அரசு அறிவித்ததைத் தொடர்ந்து செலவுகள் குறித்த நிச்சயமின்மை ஏற்பட்டதாக அமைப்பாளர்கள் தெரிவித்தனர். பெடரரும் செரீனாவும் பங்கேற்கவில்லை. ஊதிய நிலுவை குறித்த புகார்களும் வெளியாயின. 2016 டிசம்பரில் ஹைதராபாத்தில் நிறைவடைந்த சீசனே கடைசியானது.

தரவரிசைப் புள்ளிகள் இல்லாத போட்டிக்கு நட்சத்திரங்களை வரவழைக்கப் பெரும் தொகை தேவைப்பட்டது. ஆண்டு முழுவதும் ஆடிய வீரர்களுக்கு டிசம்பர் மாதமே ஓய்வுக்காலம். நான்கு நாடுகளுக்கு அணிகளையும் அரங்க அமைப்பையும் கொண்டு செல்லும் செலவும் சேர்ந்தது. ஆட்டமுறை ரசிகர்களை ஈர்த்தபோதிலும் இச்செலவைத் தாங்கும் வருவாய் அமையவில்லை. முன்னோடியான வேர்ல்டு டீம் டென்னிஸும் 2021-க்குப் பின் நடைபெறவில்லை.

தொடரும் தாக்கம்

கலப்பு அணி ஆட்டத்தின் பாதை அத்துடன் முடியவில்லை. இந்தியாவில் 2018 முதல் நடைபெறும் டென்னிஸ் பிரீமியர் லீக், ஆடவர், மகளிர், கலப்புப் பிரிவுகளை ஒரே ஆட்டத்தில் இணைத்து இந்திய வீரர், வீராங்கனையருக்கு வாய்ப்பளிக்கிறது. நாடுகள் மோதும் யுனைடெட் கோப்பை, 2023 முதல் ஆடவர், மகளிர் இரு தரப்புக்கும் தரவரிசைப் புள்ளிகளுடன் நடத்தப்படுகிறது. 2025 அமெரிக்க ஓபனில் கலப்பு இரட்டையர் தனி வாரத்துக்கு மாற்றப்பட்டு, குறுகிய செட்களுடன், வெற்றி இணைக்கு 10 லட்சம் டாலர் பரிசுடன் நடைபெற்றது.

2014-இல் இந்திய அணிக்காகக் கைகோத்த சானியாவும் போபண்ணாவும் 2023 ஆஸ்திரேலிய ஓபன் கலப்பு இரட்டையரில் இறுதிப்போட்டி வரை முன்னேறினர். அதுவே சானியாவின் கடைசி கிராண்ட்ஸ்லாம் போட்டி. அதற்கு அடுத்த ஆண்டு அதே மெல்போர்னில் ஆடவர் இரட்டையர் பட்டம் வென்ற போபண்ணா, 43 வயதில் இரட்டையர் தரவரிசையில் முதலிடத்தை எட்டினார்.