எண்பத்து மூன்று முன்சீப் பதவிகளும் ஒரு தீர்ப்பும்

அரசாங்க உத்தியோகத்தில் நமக்குரிய பங்கு குறித்துப் பேசும்போதெல்லாம் நாம் விகிதாசாரத்தையே முன்வைத்துப் பழகியிருக்கிறோம். அந்தப் பங்கு எந்த ஆதாரத்தின்மீது நிற்கிறது என்ற கேள்வியை அவ்வளவாக எழுப்புவதில்லை. அக்கேள்வியை நம் முன்னோர் சந்திக்க நேர்ந்த வரலாறு ஒன்றை இங்கு நினைவுகூர்வோம்.

சென்னை மாகாணத்தில் வகுப்புவாரிப் பிரதிநிதித்துவ ஆணை 1921இல் பிறந்தது. அமைச்சர் முத்தையா முதலியாரின் முயற்சியால் 1928இல் அது முழுமையாக நடைமுறைக்கு வந்தது. நியமனம் பெறும் 12 இடங்களில் பிராமணரல்லாத இந்துக்களுக்கு 5, பிராமணர்களுக்கு 2, முஸ்லிம்களுக்கு 2, கிறிஸ்தவர்களுக்கும் ஆங்கிலோ இந்தியர்களுக்கும் சேர்த்து 2, தாழ்த்தப்பட்டோருக்கு 1 என்பது அதன் கணக்கு. 1947இல் ஆணை திருத்தப்பட்டு, சுழற்சி 14 இடங்களாயிற்று. பிற்பட்ட இந்துக்கள் என்னும் புதிய பிரிவு தோன்றி 2 இடங்களைப் பெற்றது. முஸ்லிம்களின் பங்கோ 14இல் 1 ஆகக் குறைந்தது.

அவ்வாணைப்படியே 1949இல் 83 ஜில்லா முன்சீப் பதவிகளுக்குச் சர்வீஸ் கமிஷன் விண்ணப்பங்களைக் கோரியது. ஹரிஜனங்களுக்கு 19, பிற்பட்ட இந்துக்களுக்கு 10, பிராமணரல்லாத இந்துக்களுக்கு 32, பிராமணர்களுக்கு 11, கிறிஸ்தவர்களுக்கு 6, முஸ்லிம்களுக்கு 5 என இடங்கள் பகுக்கப்பட்டன. வாய்ப்புக் கிட்டாத பிராமண விண்ணப்பதாரர் ஒருவர் உச்சநீதிமன்றத்தை நாடினார். வகுப்புச் சுழற்சி இல்லையெனில் அவர் பெற்ற மதிப்பெண்களுக்கு வேலை கிடைத்திருக்கும் என்பதை அரசுத் தரப்பே ஒப்புக்கொண்டது.

1951 ஏப்ரல் 9ஆம் நாள் தீர்ப்பு வந்தது. கல்லூரி அனுமதி பற்றிய புகழ்பெற்ற செண்பகம் துரைராஜன் வழக்கின் தீர்ப்பும் அதே நாளில் வெளிவந்ததால், வெங்கட்ரமணா வழக்கு எனப்படும் இதனை அறிந்தோர் சிலரே. அரசியல் சட்டத்தின் 16ஆவது பிரிவு, மதத்தையோ சாதியையோ காரணமாக்கி ஒருவருக்கு அரசு வேலையை மறுப்பதைத் தடுக்கிறது. அதன் நான்காம் உட்பிரிவு, அரசுப் பணியில் போதிய இடம் பெறாத பிற்பட்ட வகுப்பினருக்கு இட ஒதுக்கீடு செய்ய அனுமதிக்கிறது. ஆகவே ஹரிஜனங்களுக்கும் பிற்பட்ட இந்துக்களுக்கும் ஒதுக்கியது செல்லும். மற்றப் பிரிவினருக்கு ஒதுக்கியது செல்லாது என நீதிமன்றம் கூறியது. நமக்கென ஒதுக்கப்பட்ட அந்த 5 இடங்களுக்கும் அன்றே சட்ட ஆதாரம் அற்றுப்போயிற்று.

இதில் நாம் ஊன்றி நோக்க வேண்டியது ஒன்றுண்டு. முஸ்லிம்களிடையே பிற்பட்டோர் உண்டா இல்லையா என்று எவரும் அந்த வழக்கில் ஆராயவில்லை. அரசாணையே "பிற்பட்ட இந்துக்கள்" என்று மட்டும் எழுதியிருந்தது. நெசவாளியான முஸ்லிமும் நிலக்கிழாரான முஸ்லிமும் அதன் கண்ணில் முஸ்லிம் என்ற ஒரே பெயருக்குள் அடங்கினர். மதத்தின் பெயரால் தரப்பட்ட பங்கு சட்டத்தின் முன் நிற்காதபோது, அந்த ஏழை நெசவாளிக்குக் கைகொடுக்க வேறோர் ஆதாரம் ஏட்டில் இல்லை.

அந்த ஆதாரம் பின்னர்தான் தேடப்பட்டது. லெப்பை முதலிய பிரிவினர் பிற்பட்டோர் பட்டியலில் இடம்பெற்றனர். 2007இல் தமிழக அரசு, பிற்பட்டோருக்குரிய 30 விழுக்காட்டினுள் பிற்பட்ட முஸ்லிம்களுக்கு 3.5 விழுக்காட்டைத் தனியே பிரித்துச் சட்டமியற்றியது. ராவுத்தர், மரைக்காயர் உள்ளிட்ட லெப்பைகள், தக்னி, துதேகுலா, மாப்பிள்ளா, அன்சார், ஷேக், சையது என அதன் பட்டியல் அமைந்தது. 1928இன் 12இல் 2 என்ற பங்கோடு ஒப்பிட்டால் இது சிறிது. ஆயினும் அன்றைய பங்கு சமய அடையாளத்தை நம்பியிருந்தது. இன்றைய பங்கு கல்வியிலும் சமூகத்திலும் பின்தங்கிய நிலையைச் சான்றாகக் கொண்டு நிற்கிறது.

ஆகவே பிள்ளைகளைப் பள்ளியில் சேர்க்கும் நாளில் பதிவேட்டில் "முஸ்லிம்" என்று மட்டும் எழுதிவிட்டுத் திரும்புவது போதாது. பிரிவின் பெயரையும் தவறின்றி எழுதச் செய்வதும், உரிய சான்றிதழைக் காலத்தே பெற்று வைப்பதும் ஒவ்வொரு குடும்பத்தின் கடமை. அன்று நம்மிடம் எண்ணிக்கை இருந்தது, ஆதாரம் இல்லை. இன்று ஆதாரம் இருக்கிறது. அதைப் பயன்படுத்தித் தேர்வெழுத முன்வரும் பிள்ளைகளை உருவாக்குவது நம் பொறுப்பு.