இயற்பியல் பயில விழைவோருக்குக் கணிதம்: ஒரு வரலாற்று நோக்கு

நம் கல்விக் கழகத்தின் வெள்ளி விழா மலருக்குக் கட்டுரை வேண்டுமென நிர்வாகக் குழுவினர் கேட்டனர். நான் கல்லூரியில் வரலாறு பயின்றவன். ஆகவே வரலாறே எழுதுகிறேன். ஆயினும் இது மன்னர்களின் வரலாறு அன்று; கணக்கைக் கண்டு அஞ்சியவர், அதனை வென்றவர் ஆகியோரின் வரலாறு.

சில ஆண்டுகளுக்கு முன் நம் தெரு மாணவர் ஒருவர் பி.எஸ்ஸி. இயற்பியல் வகுப்பில் சேர்ந்தார். முதற் பருவம் முடியுமுன் பெட்டியுடன் ஊர் திரும்பிவிட்டார். காரணம் கேட்டேன். "ஐயா, பாடம் புரிகிறது. பலகையில் எழுதும் கணக்குதான் புரியவில்லை. கேட்கவும் கூச்சமாக இருந்தது" என்றார். அவருக்கு விடை சொல்ல எனக்கும் தெரியவில்லை. 'உனக்குக் கணக்கு வராது' என்று என் பள்ளி நாளில் ஓர் ஆசிரியர் கூறிவிட்டார். அதனை நம்பிக் கணிதத்தை விட்டு விலகியவன் நான். அன்று அம்மாணவருக்குச் சொல்ல இயலாத விடையை இங்கே எழுத முயல்கிறேன்.

கணிதத்திற்கும் நம்மவர்க்கும் இடையே நின்ற சுவர் எத்தகையது என்பதற்கு அண்ணல் அம்பேத்கரின் பள்ளி வாழ்வே சான்று. பம்பாய் எல்பின்ஸ்டன் உயர்நிலைப் பள்ளியில் ஒரு நாள், கரும்பலகைக்கு வந்து கணக்கொன்றைச் செய்யுமாறு ஆசிரியர் அவரை அழைத்தார். பலகையின் பின்னே பிற மாணவர் தம் உணவுப் பாத்திரங்களை வைத்திருந்தனர். அவர் அருகே சென்றால் உணவு தீட்டுப்படும் என்று கூச்சலிட்டு ஓடி, அவற்றை அகற்றினர். அதன் பின்னரே அவர் பலகையைத் தொட முடிந்தது. இதனை அவருடைய வாழ்க்கை வரலாறு எழுதியோர் பதிவு செய்துள்ளனர். அவர் 1907-இல் மெட்ரிகுலேஷன் தேறினார். பாத்திரங்கள் அகற்றப்பட்டன; அவர் அகலவில்லை.

இனி, இயற்பியலுக்குக் கணிதம் ஏன் வேண்டும் என்று பார்ப்போம். மைக்கேல் ஃபாரடே 1791-இல் இங்கிலாந்தில் கொல்லர் ஒருவரின் மகனாகப் பிறந்தார். பதினான்காம் வயதில் புத்தகம் கட்டும் கடையில் தொழில் பழகச் சேர்ந்து, கட்டுவதற்கு வந்த நூல்களைப் படித்தே அறிவு பெற்றார். காந்தம் அசைந்தால் அருகிலுள்ள கம்பிச் சுருளில் மின்னோட்டம் பிறக்கிறது என 1831-இல் கண்டார். இன்று நம் வீட்டு விளக்கை எரிக்கும் மின்னாக்கிகளுள் மிகப் பெரும்பாலானவை இவ்வுண்மையின் மேல் நிற்கின்றன. ஆயினும் அவர் கணிதம் அறியாதவர். தாம் மனக்கண்ணில் கண்ட விசைக் கோடுகளைச் சொற்களாலும் படங்களாலுமே விளக்கினார். கணிதம் வல்ல அறிஞர் பலர் அவற்றைப் பொருட்படுத்தவில்லை.

அக்கோடுகளைச் சமன்பாடுகளாக எழுத முனைந்தவர் ஜேம்ஸ் கிளார்க் மாக்ஸ்வெல். அவருடைய கட்டுரையைக் கண்ட முதியவர் ஃபாரடே, தம் கருத்தின் மீது இத்துணைக் கணித வலிமை செலுத்தப்பட்டது கண்டு முதலில் அஞ்சியதாக 1857-இல் அவருக்கு மடல் எழுதினார். கணிதர் தம் முடிவுகளை எளிய மொழியிலும் தரலாகாதா என்றும் வேண்டினார். உலகப் பெரும் விஞ்ஞானியே அஞ்சினார் எனில், நம் மாணவர் அஞ்சியதில் வியப்பென்ன? மாக்ஸ்வெல் தம் சமன்பாடுகளிலிருந்து மின்காந்த அலையின் வேகத்தைக் கணக்கிட்டார். அது ஒளியின் வேகத்தோடு ஒத்திருந்தது. ஒளியும் ஒரு மின்காந்த அலையே என்னும் உண்மை இவ்வாறு காகிதத்தின் மேல் பிறந்தது. கண்ணால் காண இயலாததைக் காட்டும் ஆற்றல் கணிதத்திற்கு உண்டு என்பதற்கு இதனினும் சான்று வேண்டுமோ?

மாக்ஸ்வெல்லின் பெருநூல் 1873-இல் வெளிவந்தது. அதனைக் கையிலெடுத்த இளைஞருள் ஒருவர் ஆலிவர் ஹெவிசைடு. இலண்டனில் எளிய குடும்பத்தில் பிறந்தவர், செவித்திறன் குறைந்தவர், பதினாறாம் வயதில் பள்ளிப் படிப்பை நிறுத்தித் தந்தி வேலைக்குச் சென்றவர். நூலைத் திறந்தபோது அவருக்கு ஒன்றும் விளங்கவில்லை. பள்ளியில் கற்ற இயற்கணிதமும் முக்கோணவியலும் கூடப் பெரிதும் மறந்திருந்தன என்று பின்னாளில் அவரே எழுதினார். ஆயினும் நூலை மூடவில்லை. வேலையை விட்டு, வீட்டிலிருந்தபடியே தேவையான கணிதத்தை ஆண்டுக் கணக்கில் கற்றார். முடிவில், மாக்ஸ்வெல் 1865-இல் இருபது சமன்பாடுகளாகத் தந்ததைத் திசையன் கணிதத்தால் நான்காகச் சுருக்கினார். இன்று கல்லூரியில் 'மாக்ஸ்வெல் சமன்பாடுகள்' என்று கற்பிக்கப்படுவது ஹெவிசைடு தந்த வடிவமே.

இவருக்கும் முன்னர் நாட்டிங்காம் நகரில் ஜார்ஜ் கிரீன் என்பவர் இருந்தார். ஓராண்டளவே பள்ளி சென்றவர். தந்தையின் காற்றாலையில் மாவரைத்தவர். 1828-இல் மின்னியலுக்கும் காந்தவியலுக்கும் கணிதத்தைப் பயன்படுத்தும் முறை பற்றி நூலொன்றை வெளியிட்டார். வாங்கியோர் ஏறத்தாழ ஐம்பதின்மரே. நாற்பதாம் வயதில் கேம்பிரிட்ஜில் மாணவராகச் சேர்ந்து பட்டம் பெற்று, 1841-இல் மறைந்தார். அதன் பின்னரே உலகம் அவர் நூலின் அருமையை உணர்ந்தது. இயற்பியல் மாணவர் இன்றும் 'கிரீன் தேற்றம்' படிக்கின்றனர். கணக்கு கற்க வயது தடையன்று என்பதற்கு இவர் ஒருவர் போதும்.

இனி நம் நாட்டிற்கு வருவோம். மேகநாத சாகா 1893-இல் டாக்கா அருகே ஒரு சிற்றூரில் சிறு மளிகைக் கடைக்காரரின் மகனாகப் பிறந்தார். அவர் குலம் தீண்டாமைக்கு ஆளானது அன்று. ஆயினும் மேல்சாதியாரால் தாழ்ந்ததாகக் கருதப்பட்டது. நடுநிலைப் பள்ளி வேற்றூரில் இருந்ததால், அவ்வூர் மருத்துவர் ஒருவர் வீட்டில் தங்கிச் சிறு பணிகள் செய்துகொண்டே படித்தார். 1905-இல் ஆளுநர் வருகையைப் புறக்கணித்ததற்காகப் பள்ளியினின்று நீக்கப்பட்டு, உதவித்தொகையையும் இழந்தார். கல்கத்தா மாணவர் விடுதியில் உடன் பயின்றோர் சிலர் அவரோடு ஒரே அறையில் உண்ண மறுத்தனர்.

அவர் கற்றது கணிதம். பி.எஸ்ஸி.யிலும் எம்.எஸ்ஸி.யிலும் இரண்டாமிடம் பெற்றார். முதலிடம் சத்தியேந்திரநாத் போசுக்கு. 1916-இல் கல்கத்தாப் பல்கலைக்கழக அறிவியற் கல்லூரியில் கணித விரிவுரையாளராகச் சேர்ந்து, பின்னர் இயற்பியல் துறைக்கு மாறினார். அங்கே பாடங்களைக் கற்பித்தபடியே தாமும் கற்றார். செருமன் மொழி பயின்று, போசுடன் இணைந்து ஐன்ஸ்டைனின் கட்டுரைகளை ஆங்கிலத்தில் பெயர்த்தார். 1920-இல் வெளியிட்ட சமன்பாடு அவருக்கு உலகப் புகழ் ஈட்டியது. வெப்பநிலையும் அழுத்தமும் தெரிந்தால், விண்மீனில் உள்ள அணுக்களுள் எத்தனைப் பங்கு எலக்ட்ரானை இழந்திருக்கும் என்று அச்சமன்பாடு கூறும். ஒன்றாக அமர்ந்து உண்ண மறுக்கப்பட்டவர் விண்மீன்களின் வெப்பத்தை அளக்கும் வழியைத் தந்தார். 1952-இல் நாடாளுமன்றத்திற்கும் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

இளைஞர்களே! இவ்வரலாற்றின் பயன் என்ன? இயற்பியலுக்கான கணிதம் பிறவியில் வருவதன்று, வரிசையாகக் கற்பது. படி தாண்டினால் கால் இடறும். முதற்படி இயற்கணிதமும் மடக்கையும் முக்கோணவியலும். இரண்டாம் படி நுண்கணிதம். மூன்றாவது வகைக்கெழுச் சமன்பாடுகள். ஊசலும் கதிரியக்கச் சிதைவும் அவற்றில் அடங்கும். நான்காவது திசையன்கள். ஐந்தாவது கலப்பெண்களும் அணிகளும். குவாண்டம் இயக்கவியலுக்கு இவை இன்றியமையாதவை. 1925-இல் அவ்வியலைத் தொடங்கி வைத்த ஹெய்சன்பர்க், தாம் எழுதியது அணிகளின் பெருக்கல் என்பதை அறிந்திருக்கவில்லை. அவருடைய பேராசிரியர் மாக்ஸ் பார்னே அதனை உணர்ந்தார். அறியாமை இழிவன்று என்பதற்கு இதுவும் ஒரு சான்று.

நுண்கணிதம் எனும் பெயரே பலரை விரட்டுகிறது. அது என்னவென்று ஒரு கல்லைக் கொண்டு காணலாம். மேலிருந்து விடப்பட்ட கல் 1 வினாடியில் 4.9 மீட்டரும், 2 வினாடியில் 19.6 மீட்டரும் விழும். சரியாக 2-ஆம் வினாடியில் அதன் வேகம் என்ன? 2-லிருந்து 2.1 வினாடிக்குள் அது விழும் தொலைவைக் காலத்தால் வகுத்தால் வினாடிக்கு 20.09 மீட்டர். 2-லிருந்து 2.01 வினாடிக்குள் என்றால் 19.649 மீட்டர். இடைவெளி குறையக் குறைய விடை 19.6-ஐ நெருங்குகிறது. அதுவே வேகம். மாறும் பொருளின் மாற்ற வீதத்தை இவ்வாறு காண்பதே வகைநுண்கணிதம். ஃபாரடே கண்டதும் இதுவே: காந்தப் பாயம் எவ்வளவு விரைவாக மாறுகிறதோ, அவ்வளவு மின்னியக்கு விசை பிறக்கும். அவர் பக்கம் பக்கமாக எழுதியது கணிதத்தில் ஒரே வரியில் அடங்கும். பெருக்கலும் வகுத்தலும் அறிந்த எவரும் இவ்வளவு தூரம் வந்துவிடலாம்.

நம்மவர் பலர் மேல்நிலை வகுப்பில் கணிதமில்லாத பிரிவை அச்சத்தால் தேர்ந்தெடுக்கின்றனர். இயற்பியலுக்கும் பொறியியலுக்குமான கதவுகளைப் பதினைந்தாம் வயதில் தாமே சாத்திக்கொள்கின்றனர். வெளியார் சாத்திய கதவுகளைத் திறக்க நம் முன்னோர் பாடுபட்டனர். உட்புறம் நாமே தாழிடலாமா?

ஆகவே நம் கழகத்திற்கு ஒரு வேண்டுகோள். மேல்நிலைத் தேர்வு முடிந்து கல்லூரி திறக்கும் வரையுள்ள விடுமுறையில், மேற்கூறிய முதலிரண்டு படிகளையேனும் கற்பிக்கும் மாலை வகுப்பொன்றை நடத்த வேண்டும். நம் சமுதாயத்தில் கணிதம் பயின்ற ஆசிரியர்கள் இன்று இருக்கிறார்கள். வகுப்பிற்குத் தேவையான கரும்பலகையை என் பொறுப்பில் வாங்கித் தருகிறேன். ஊர் திரும்பிய அம்மாணவரை முதல் வரிசையில் அமர அழைத்திருக்கிறேன், வருவதாகச் சொல்லியிருக்கிறார். கடைசி வரிசையில் எனக்கும் ஓரிடம் தருக. கணக்கு வராது என்று நாற்பதாண்டுகளுக்கு மேலாக நம்பியவன், அது வருமா என்று பார்த்துவிட விரும்புகிறேன்.