உபகாரமா, உரிமையா?
அரசாங்க ஊழியர் ஓய்வூதியத்தின் வரலாறு

அரசாங்க வேலையிலிருந்து ஓய்வு பெற்றவருக்கு மாதந்தோறும் கிடைக்கும் பணத்தை நம் முன்னோர் 'உபகாரச் சம்பளம்' என்று வழங்கினர். இன்று நாம் அதனை 'ஓய்வூதியம்' என்கிறோம். இரு சொற்களும் ஒரே பணத்தைக் குறிப்பினும் பொருளில் வேறுபாடு உண்டு. உபகாரம் என்பது கொடுப்பவரின் மனத்தைப் பொறுத்தது. ஊதியம் என்பது உழைத்தவருக்குச் சேர வேண்டியது. முப்பது ஆண்டு உழைத்த ஒருவர்மீது கடைசிக் காலத்தில் ஒரு குற்றச்சாட்டு எழுமானால், அப்பணத்தை அரசாங்கம் குறைக்கலாமா? அடியோடு நிறுத்தலாமா? சிங்கப்பூரும் அதனைச் சூழ்ந்த நாடுகளும் இக்கேள்விக்கு அளித்த விடைகள் அறியத்தக்கவை.

இதன் வேர் இங்கிலாந்தில் உள்ளது. 1834ஆம் ஆண்டில் பிரிட்டிஷ் பார்லிமெண்டு இயற்றிய ஓய்வூதியச் சட்டம், எவருக்கும் ஓய்வூதியத்தின்மீது முழு உரிமை இல்லை என்று வெளிப்படையாகவே கூறிற்று. 1870ஆம் ஆண்டுச் சட்டமோ, பெருங்குற்றம் புரிந்து தண்டனை அடைந்தவர் தம் பதவியோடு ஓய்வூதியத்தையும் இழக்குமாறு செய்தது. ஊழியர் மன்னருக்குப் பணிபுரிகிறார்; மன்னர் மனம் உவந்து அளிப்பதே ஓய்வூதியம் என்பதே அக்காலக் கொள்கை.

இக்கொள்கை கப்பலேறிக் காலனிகளுக்கும் வந்தது. 1867ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் நாள் சிங்கப்பூர், பினாங்கு, மலாக்கா ஆகியவை மன்னரின் நேரடி ஆட்சிக்கு உட்பட்டன. அலுவலகங்களில் கிராணிமாராகவும் பிற பணியாளராகவும் தமிழர் பலர் அமர்ந்தனர். இவர்களுள் நிரந்தரப் பதவி பெற்றவருக்கு ஓய்வூதியம் ஒரு பெரும் நம்பிக்கை. சாலை போட்டும் சாக்கடை துப்புரவு செய்தும் நாட்கூலி பெற்றவருக்கோ அந்த நம்பிக்கைக்கு இடமில்லை. ஆகவே, சிராங்கூன் சாலையைச் சூழ்ந்து வாழ்ந்த குடும்பங்களில் 'பென்ஷன் உத்தியோகம்' என்ற சொல்லுக்குத் தனி மதிப்பு இருந்ததில் வியப்பில்லை.

எனினும் அந்த மதிப்பு உறுதியான அடித்தளத்தின்மேல் நிற்கவில்லை. சிங்கப்பூரின் 1956ஆம் ஆண்டு ஓய்வூதியச் சட்டமும், எந்த அதிகாரிக்கும் ஓய்வூதியத்தின்மீது முழு உரிமை இல்லை என்றே கூறுகிறது. ஒழுங்காக ஓய்வு பெறுபவருக்கும் பணிநீக்கம் செய்யப்படுபவருக்கும் இடையே உள்ள தொலைவு மிகப் பெரிது. முன்னவர் முதுமைக்குத் துணையுடன் வீடு செல்கிறார். பின்னவர் பல்லாண்டு ஊழியத்தின் பயன் அனைத்தையும் ஒரே கடிதத்தில் இழக்கிறார். குற்றம் புரிந்தவர் ஒருவர். பட்டினி கிடப்பது குடும்பம். இதனை உணர்ந்துதான் போலும், காலனிச் சட்டங்கள், தண்டனையால் நின்ற ஓய்வூதியத்தை மனைவி மக்களின் பராமரிப்புக்குக் கொடுக்கலாம் என்று ஒரு வழியும் வைத்தன. அதுவும் சலுகையேயன்றி உரிமையன்று.

அப்படியாயின் ஊழியருக்குக் காப்பு எது? முதற்காப்பு 1951ஆம் ஆண்டு சனவரி முதல் நாள் தோன்றிய பொதுச் சேவை ஆணையம். நியமனமும் ஒழுங்கு நடவடிக்கையும் துறைத் தலைவரின் விருப்பு வெறுப்புக்கு அப்பாற்பட்ட ஓர் அமைப்பிடம் செல்லலாயின. இன்று சிங்கப்பூர் அரசியல் சட்டத்தின் 110ஆம் விதி, தம் தரப்பைக் கூறத் தக்க வாய்ப்பு அளிக்காமல் ஓர் ஊழியரைப் பதவி நீக்கவோ பதவி இறக்கவோ கூடாது என்கிறது. 113ஆம் விதியோ, ஓய்வூதியத்தை மறுக்கவும் குறைக்கவும் நிறுத்தவும் ஆணையத்தின் இசைவு வேண்டும் என்கிறது. உரிமை என்று சட்டம் சொல்லவில்லை. ஆனால் பறிக்கும் கை தனித்து நீள முடியாதபடி செய்திருக்கிறது.

'தக்க வாய்ப்பு' என்பதன் பொருளை விளக்கியது மலாயாவில் எழுந்த ஒரு வழக்கு. சுரிந்தர் சிங் கண்டா என்ற போலீஸ் இன்ஸ்பெக்டர் 1958ஆம் ஆண்டு சூலையில் பணிநீக்கம் செய்யப்பட்டார். அவருக்கு எதிரான விசாரணைக் குழுவின் அறிக்கை, தீர்ப்பளித்த அதிகாரியின் கையில் இருந்தது. அவர் கையில் இல்லை. 1962ஆம் ஆண்டில் லண்டன் பிரிவி கவுன்சில் அந்நீக்கம் செல்லாது என்றது. தமக்கு எதிராகக் கூறப்பட்டது இன்னதென்று அறியாதவர் எவ்வாறு மறுமொழி கூற இயலும்?

இலங்கையிலும் இதற்கு அண்மையான ஒரு வழக்கு நடந்தது. கோடீசுவரன் என்ற தமிழ் எழுத்தர் சிங்களத் தேர்வு எழுத மறுத்தமையால் சம்பள உயர்வை இழந்தார். அரசாங்க ஊழியர் சம்பளத்திற்காக வழக்காட முடியாது என்று 1967இல் இலங்கை உச்ச நீதிமன்றம் கூறிற்று. வழக்காடலாம் என்று 1969இல் பிரிவி கவுன்சில் அதனை மாற்றியது. சம்பளம் மன்னரின் கொடையன்று என்பது இதனால் நிலைபெற்றது.

இந்தியா மேலும் ஓரடி சென்றது. பீகார் கல்வித் துறையைச் சேர்ந்த தேவகிநந்தன் பிரசாத் தொடுத்த வழக்கில், 1971ஆம் ஆண்டு இந்திய உச்ச நீதிமன்றம், ஓய்வூதியம் அரசின் மனப்போக்கைப் பொறுத்த கொடையன்று. ஊழியரின் சொத்து என்று தீர்ப்பளித்தது. அதற்காகக் குற்றவாளிகள் தப்பிவிடவில்லை. 1972ஆம் ஆண்டு மத்திய அரசு விதிகள், பெருந்தவறு மெய்ப்பிக்கப்பட்டால் ஓய்வூதியத்தை நிறுத்த இடமளித்தன. ஆனால் ஓய்வுக்குப் பின் புதிதாக விசாரணை தொடங்கக் குடியரசுத் தலைவரின் அனுமதி வேண்டும். நான்கு ஆண்டுகளுக்கு முற்பட்ட நிகழ்ச்சியைக் கிளறவும் கூடாது என்று எல்லை வகுத்தன. விதியின் துணையின்றி, விசாரணை நிலுவையில் உள்ளது என்ற காரணத்தால் மட்டும் ஓய்வூதியத்தை நிறுத்தலாகாது என்று 2013ஆம் ஆண்டில் அதே நீதிமன்றம் கூறிற்று.

சிங்கப்பூரில் இக்கேள்வி வேறொரு வழியிலும் விடை காணத் தொடங்கியது. 1955ஆம் ஆண்டு சூலை முதல் நாள் மத்திய சேமநிதி பிறந்தது. தொழிலாளி 5 விழுக்காடு, முதலாளி 5 விழுக்காடு என்று தொடங்கிய அந்நிதியில் சேர்ந்த பணம் உறுப்பினர் பெயரிலேயே நின்றது. கடன்காரரும் அதனைப் பற்ற முடியாது. பின்னாளில் புதிதாகச் சேர்ந்த அரசாங்க ஊழியருள் பெரும்பாலோர் இத்திட்டத்தின் கீழ் வந்தனர். ஒரு காலத்தில் பென்ஷன் உத்தியோகத்தை ஏக்கத்துடன் நோக்கிய கூலித் தொழிலாளியின் வகைக்கு, கிராணியின் கொடையைவிட உறுதியான சேமிப்பு கிடைத்தது வரலாற்றின் விந்தையே.

கைக்கூலி வாங்கியவருக்கும் கடமையைக் காத்தவருக்கும் முடிவு ஒன்றாயின், நேர்மைக்கு மதிப்பிராது. ஆதலால் தண்டனை வேண்டுவதே. ஆயினும் குற்றம் இன்னதென்று கூறி, மறுமொழி கேட்டு, அளவறிந்து விதிக்கும் தண்டனையே நீதியாகும். முதுமையில் மறுபடியும் உழைத்துத் தேட இயலாத பொருளை எடுக்கும்போது, அந்த அளவு இன்னும் நுட்பமாக இருத்தல் வேண்டும்.