பேனாவைப் படித்த கோப்புகள்

ஃபோன் திரையில் விரலால் ‘அம்மா’ என்று கிறுக்குகிறீர்கள், உடனே அது அச்செழுத்தாக மாறிவிடுகிறது. இந்த வேலையைச் செய்வது திரையில்லை, உள்ளே இருக்கும் லைப்ரரி. லைப்ரரின்னா என்ன? பல செயலிகள் தேவைப்படும்போது கூப்பிட்டு வேலை வாங்கிக்கொள்ளும் பொது நிரல் கோப்பு. இன்றைக்கு அந்தக் கோப்புகளின் வரலாற்றைப் பார்க்கப்போகிறோம்.

ஸ்கேன் செய்த காகிதத்தைப் படிப்பது வேறு, இது வேறு. காகிதத்திலிருந்து கிடைப்பது வெறும் படம். டிஜிட்டல் பேனாவோ எங்கே தொட்டது, எந்தப் பக்கம் வளைந்தது, எப்போது மேலே எழுந்தது என்று புள்ளிகளை வரிசையாகக் கொடுத்துக்கொண்டே இருக்கும். அந்த வரிசையை வைத்து எழுத்தை ஊகிப்பதுதான் லைப்ரரியின் வேலை. 1992-ல் மைக்ரோசாஃப்ட் தன் விண்டோஸில் பேனா வசதியைச் சேர்த்தபோது, அதன் மையத்தில் இருந்ததும் பென்வின் என்ற ஒரு டிஎல்எல் கோப்புதான்.

அடுத்த வருஷம், 1993 ஆகஸ்டில், ஆப்பிளின் நியூட்டன் வந்தது. அதன் எழுத்தறியும் நிரல் ஸ்டெபான் பாச்சிகோவின் பாராகிராஃப் நிறுவனத்திலிருந்து வந்தது. மாஸ்கோவில் பிறந்த நிறுவனம். கூட்டெழுத்தையும் படிக்கணும் என்பது ஆசை. அதற்காக நிரல் அகராதியை ரொம்பவே நம்பியது. சொல் அகராதியில் இல்லையென்றால், சம்பந்தமே இல்லாத வேறொரு சொல்லைக் கொண்டுவந்து வைத்துவிடும். டூன்ஸ்பரி என்ற பிரபலமான பத்திரிகைச் சித்திரத் தொடர் இதை வைத்துக் கேலி செய்தது. அந்தக் கெட்ட பேர் கடைசிவரை போகவே இல்லை.

ஜெஃப் ஹாக்கின்ஸ் இதே சிக்கலைத் தலைகீழாகப் பார்த்தார். இயந்திரம் மனிதனின் கையெழுத்தைக் கற்க வேண்டாம், மனிதன் கொஞ்சம் மாற்றி எழுதட்டும். 1996-ல் வந்த பாம் பைலட்டில் இருந்த கிராஃபிட்டி முறை அதுதான். கிட்டத்தட்ட எல்லா எழுத்துக்கும் ஒரே கோடு. ஆங்கில ‘ஏ’வுக்குக் குறுக்குக்கோடு கிடையாது. மக்கள் முணுமுணுக்காமல் கற்றுக்கொண்டார்கள். பாம் பைலட்டும் நன்றாக விற்றது.

நியூட்டனின் நிரலும் சும்மா இருக்கவில்லை. ஆப்பிளுக்குள்ளேயே நரம்புவலை முறையில் ரோசெட்டா என்ற புது நிரலை எழுதினார்கள். தனித்தனி எழுத்தாக எழுதினால் அது நன்றாகவே படித்தது. ஆனால் 1998-ல் நியூட்டனையே நிறுத்திவிட்டார்கள்.

கதை அங்கே முடிந்ததா என்றால், இல்லை. 2002-ல் மேக் கணினிகளில் இங்க்வெல் என்ற பேரில் வந்தது அந்த ரோசெட்டாவேதான். பாராகிராஃபின் நிரலும் கைமாறிக் கைமாறி மைக்ரோசாஃப்டிடம் போய், டேப்லட் பிசியின் எழுத்தறிதலோடு கலந்தது. கருவியைக் கடையிலிருந்து எடுத்துவிட்டார்கள். அதன் உள்ளே இருந்த கோப்போ வேறு வீடு பார்த்துக்கொண்டது. நாம் கேலி செய்த தோல்விகள் பலதும் இப்படித்தான், பேர் மாறி, நமக்குத் தெரியாமலேயே நம்மிடம் வேலை பார்க்கின்றன.

ஆனால் 2002-ல் வந்த அந்த டேப்லட் பிசியில் நீங்கள் தமிழில் எழுதினால்? வெறும் கோடுதான். தமிழுக்கு நிரல் இல்லை. பேனா எவ்வளவு நல்லதாக இருந்தாலும், உங்கள் மொழிக்கான கோப்பு இல்லையென்றால் அது படம் வரையத்தான் உதவும்.

அந்த இடைவெளியில் பெங்களூரு ஹெச்பி ஆய்வகம் ஒரு நல்ல காரியம் செய்தது. எழுத்தறியும் நிரல்களை யாரும் உருவாக்கிக்கொள்ள லிபி டூல்கிட் என்ற திறமூல லைப்ரரியை வெளியிட்டது. தமிழ் எழுத்து மாதிரிகளையும் திரட்டியது. இங்கே ஒரு அழகான கணக்கு இருக்கிறது. தமிழுக்கு 247 எழுத்து. ஆனால் ‘கொ’ என்பது கொம்பு, க, கால் என மூன்று துண்டு. இப்படிப் பிரித்துவிட்டால் இயந்திரம் கற்க வேண்டியவை, கிரந்தத்தையும் சேர்த்து, 156 வடிவங்கள்தான். அந்த மாதிரிகளை வைத்து 2006-ல், கையெழுத்து ஆய்வாளர்களின் சர்வதேசக் கூட்டத்தில், தமிழ் எழுத்தறியும் போட்டியே நடந்தது.

2015-ல் கூகுளின் கையெழுத்துச் செயலி 82 மொழிகளோடு வந்தபோது தமிழும் அதில் இருந்தது. ஒரு மொழி திரையில் எழுதப்படுமா, வெறுமனே வரையப்படுமா என்பதை யாரோ எழுதிவைத்த ஒரு கோப்பு முடிவு செய்கிறது. அதனால்தான் கடைகளில் பேர் தெரியாத இந்தக் கோப்புகளின் வரலாறு நமக்கும் முக்கியம் என்கிறேன்.