முகம் தெரியும், பெயர் தெரியாது: ஜேம்ஸ் ஹாங்

இன்னைக்கு ஒரு நடிகரைப் பத்திப் பேசப்போறோம். ஜேம்ஸ் ஹாங்னு சொன்னா பல பேருக்குத் தெரியாது. ஆனா ‘குங் ஃபூ பாண்டா’ பார்த்திருக்கீங்களா? அதுல பாண்டாவை வளர்க்கிற, நூடுல்ஸ் கடை வச்சிருக்கிற வாத்து அப்பா. ஆங்கிலத்துல அந்தக் குரல் இவரோடது. ‘பிளேடு ரன்னர்’ படத்துல குளிர் அறைக்குள்ள உட்கார்ந்து கண்கள் செய்யிற கிழவர். ‘சைன்ஃபெல்ட்’ தொடர்ல, மேஜை எப்போ கிடைக்கும்னு எத்தனை தடவை கேட்டாலும் அஞ்சு, பத்து நிமிஷம்னு ஒரே பதிலைச் சொல்ற சீன ஓட்டல்காரர். எல்லாம் ஒரே ஆள்தான்.

தமிழில் குணச்சித்திர நடிகர் என்று ஒரு நல்ல சொல் இருக்கிறது. ஹாங் விஷயத்தில் அந்தச் சொல்லே கொஞ்சம் இடிக்கும். ஏனென்றால் குணம் என்று ஒன்று எழுதப்படாத வேடங்கள்தான் அவருக்குப் பாதிக்கு மேல் வந்தன. சமையல்காரர், சலவைக்காரர், வேலைக்காரர், இல்லாவிட்டால் எதிரி நாட்டுச் சிப்பாய்.

அவர் பிறந்தது 1929-இல், அமெரிக்காவின் மினியாபொலிஸ் நகரத்தில். சின்ன வயதில் ஹாங்காங் போய்ப் படித்துவிட்டு, பத்து வயதில் திரும்பி வந்தார். பிறகு சிவில் இன்ஜினியரிங் முடித்து, லாஸ் ஏஞ்சலஸ் கவுண்டியில் சாலை போடும் துறையில் வேலைக்குச் சேர்ந்தார். இதற்கு நடுவில் 1954-இல் க்ரூச்சோ மார்க்ஸ் நடத்திய ஒரு டிவி நிகழ்ச்சிக்குப் போய், க்ரூச்சோ எதிரிலேயே க்ரூச்சோ மாதிரி மிமிக்ரி செய்து காட்டினார். அதற்குக் கிடைத்த வரவேற்புதான் அவரை ஹாலிவுட் பக்கம் இழுத்துப் போனது. 1955-லேயே கிளார்க் கேபிள் படத்தில் ஒரு சின்ன வேடம். 1956-இல் ஜப்பானிய ‘காட்ஸில்லா’வை அமெரிக்காவுக்காக மாற்றி வெளியிட்டபோது அதில் டப்பிங் குரல். அதோடு இன்ஜினியர் வேலைக்கு முழுக்கு.

அந்த ஹாலிவுட் எப்படி இருந்ததுன்னு தெரிஞ்சாதான் மிச்சக் கதை புரியும். சீன விவசாயக் குடும்பத்தைப் பற்றிய ‘தி குட் எர்த்’ என்ற படம் 1937-இல் வந்தது. கணவனாக பால் முனி, மனைவியாக லூயிஸ் ரெய்னர். இரண்டு பேரும் வெள்ளையர்கள், மேக்கப் போட்டுச் சீனர்களாக நடித்தார்கள். ரெய்னருக்கு ஆஸ்கரும் கிடைத்தது. லாஸ் ஏஞ்சலஸிலேயே பிறந்த சீன அமெரிக்க நட்சத்திரம் அன்னா மே வாங் அந்த மனைவி வேடத்துக்கு ஆசைப்பட்டார், கொடுக்கவில்லை. அதே படத்தில் ஒரு கெட்ட பெண் வேடத்துக்குக் கேட்டபோது அவர் மறுத்துவிட்டார் என்று சொல்வார்கள்.

வாங் வேண்டாம் என்றார். ஹாங் சரி என்றார். வந்ததையெல்லாம் சரி என்றார். சார்லி சான் என்ற சீனத் துப்பறிவாளர் கதைகள் 1957-இல் டிவி தொடராக வந்தபோது, சானாக நடித்தவர் ஜே. கேரல் நேஷ் என்ற ஐரிஷ் வம்சாவளி நடிகர். அவருடைய மகனாக நடித்தவர் ஹாங். அப்பா போலிச் சீனர், பிள்ளை நிஜச் சீனர்! இப்போ கேட்டா சிரிப்பு வருது. அன்னைக்கு அதுதான் அவருக்குச் சோறு போட்டது.

இப்படியெல்லாம் ஒத்துக்கொண்டது தவறில்லையா என்று கேட்கலாம். என் பதிலை அப்புறம் சொல்றேன். முதல்ல 1965-க்குப் போயிடுவோம். அந்த வருடம் மாகோ உள்ளிட்ட சில நடிகர்களோடு சேர்ந்து ஹாங், லாஸ் ஏஞ்சலஸில் ‘ஈஸ்ட் வெஸ்ட் பிளேயர்ஸ்’ என்ற நாடகக் குழுவைத் தொடங்கினார். முதல் நாடகம் ‘ராஷோமோன்’. ஸ்டுடியோவில் தட்டு ஏந்தும் வேடம் போட்டவர்கள், இங்கே கதாநாயகன், கதாநாயகி. அந்தக் குழு இன்றைக்கும் இயங்குகிறது. அதனால் அவர் எல்லாவற்றுக்கும் தலையாட்டிவிட்டு வீட்டுக்குப் போன மனிதர் இல்லை.

இன்னொன்று, கொடுத்த வேடத்துக்குள் அவர் என்ன செய்தார் என்றும் பார்க்க வேண்டும். 1974-இல் வந்த ‘சைனாடவுன்’ படத்தைக் கவனித்துப் பாருங்க. பணக்கார வீட்டு வேலைக்காரர் கான். வசனம் ரொம்பக் கம்மி. ஆனா கடைசியில் கதாநாயகி தப்பித்து ஒளிந்துகொள்ளும் இடம் அந்த வேலைக்காரர் வீடு. அது சைனாடவுனில் இருப்பதால்தான் படம் அங்கே போய் முடிகிறது. அந்தப் பெண் நம்பிய ஒரே ஆள் இவர் என்பதை ஹாங் பேசாமலே, கதவைத் திறக்கிற விதத்திலேயே வைத்திருக்கிறார். 1986-இல் ஜான் கார்பென்டரின் ‘பிக் டிரபிள் இன் லிட்டில் சைனா’வில் லோ பான் என்ற மந்திரவாதி. காகிதத்தில் பார்த்தால் அதே பழைய சீன வில்லன்தான். ஹாங் அதை நாற்காலியில் ஒடுங்கிக் கிடக்கும் சிடுசிடு கிழவராகவும், பட்டு உடையில் நிமிர்ந்து நிற்கும் மாயாவியாகவும் மாறி மாறி ரசித்து ரசித்துச் செய்தார். தியேட்டரில் படம் ஓடவில்லை. பிறகு வீடியோ கேசட்டில் பார்த்த ஒரு தலைமுறை அவரைத்தான் கொண்டாடியது.

சரி, என் பதில். சினிமா, டிவி, அனிமேஷன், வீடியோ கேம் எல்லாம் சேர்த்து அவர் 600-க்கும் மேற்பட்டவற்றில் இருக்கிறார் என்று கணக்குச் சொல்கிறார்கள். பத்திரிகைகள் இதைச் சாதனையாக எழுதுகின்றன. எனக்கு அந்த எண்ணைப் பார்த்தால் கொஞ்சம் கோபம் வருகிறது. ஒரு நல்ல வேடத்தில் இரண்டு மணி நேரம் திரையில் நிற்க விட்டிருந்தால், ஒரு மனிதர் எதற்காக 600 இடத்தில் ஐந்து ஐந்து நிமிடமாக நடிக்க வேண்டும்? அந்தத் தொழிலை விடாமல் பிடித்துக்கொண்டிருக்க அவருக்கு இருந்த ஒரே வழி அதுதான். அன்னா மே வாங்கின் மறுப்பை மதிக்கிற அதே மனசோட இவர் ஒத்துக்கிட்டதையும் மதிக்கலாம்னு நான் நினைக்கிறேன்.

ஹாலிவுட் நடைபாதையில் அவருக்கு நட்சத்திரம் பதித்தது 2022 மே மாதம். வயது 93. அதுக்கும் நடிகர் டேனியல் டே கிம் முன்னின்று பொதுமக்களிடம் நிதி திரட்ட வேண்டியிருந்தது. அதே வருடம் ‘எவ்ரிதிங் எவ்ரிவேர் ஆல் அட் ஒன்ஸ்’ வெளியானது. அதில் சக்கர நாற்காலியில் வரும் தாத்தா அவர்தான், கான்டனீஸ் மொழியில் பேசுவார். படம் ஏழு ஆஸ்கர் வாங்கியது. 2023 பிப்ரவரியில் நடிகர் சங்க விருது விழாவில் மொத்தக் குழுவும் மேடை ஏறியபோது, மைக்கைப் பிடித்தவர் 94 வயது ஹாங். ‘தி குட் எர்த்’ படத்தைத்தான் இழுத்தார். வெள்ளை நடிகர்களின் கண்ணை டேப் போட்டு இழுத்து ஒட்டிய கதையைச் சொல்லிச் சிரிக்க வைத்தார். கீழே உட்கார்ந்திருந்தவர்கள் எழுந்து நின்று கைதட்டினார்கள்.

அடுத்த வருடம் ‘குங் ஃபூ பாண்டா 4’ வந்தது. 95 வயதில் அதே நூடுல்ஸ் கடை அப்பாவுக்கு மறுபடியும் அவர்தான் குரல் கொடுத்தார்.